லாஸ்யா எழுதிய டிக்டேஷன்

ராஜமண்ட்ரி சூர்யம் அண்ணய்யாவுக்கு, ஹைதராபாதிலிருந்து துர்கா வணக்கத்துடன் எழுதுவது. இங்கே எல்லோரும் சுகம். அண்ணியின் முட்டிவலி எப்படி இருக்கிறது? போனில் சொன்னால் பாதியிலேயே கத்துவாய். கடிதத்திடம் கத்த முடியாதே, அதனால்தான் எழுதுகிறேன்.

என் பெண், உன் மருமகள் லாஸ்யா பள்ளிக்கூடத்தில் செய்த கூத்தைக் கேள். மூன்றாம் வகுப்பில் தெலுங்கு டிக்டேஷன். "குளம் வற்றியது. மீன்கள் தவித்தன" என்று டீச்சர் வாசித்திருக்கிறார். மற்ற பிள்ளைகள் குனிந்து எழுத, இவள் மட்டும் எழுந்து நின்று, "மீன்கள் தவித்தன!" என்று கண்ணில் தண்ணீர் முட்டச் சொல்லியிருக்கிறாள். வகுப்பே கைதட்டியதாம்.

அவளைச் சொல்லிக் குற்றமில்லை. நாலு வயதிலிருந்து சீரியல் செட்டில் பக்கத்தில் ஒருவர் நின்று வசனத்தைச் சொல்லுவார், இவள் அதை அழுதுகொண்டே திருப்பிச் சொல்லுவாள். படிக்கத் தெரியவேண்டிய அவசியமே வந்ததில்லை. டீச்சர், "நல்லா அழுதேடி கண்ணு, இப்ப எழுது" என்றாராம். எழுதத் தெரிந்தால்தானே!

அழுதுகொண்டு வருவாள் என்று பயந்தேன். சிரித்துக்கொண்டே வந்தாள். பக்கத்து பெஞ்சு ஃபர்ஹானா, "ஏய் ஸ்டாரு, டீச்சர் சொன்னா திருப்பிச் சொல்லக்கூடாதுடி, எழுதணும்" என்று சொல்லி, இடைவேளையில் உட்காரவைத்து எழுத்துக்கூட்டச் சொல்லித் தருகிறாளாம். இப்போது வீட்டில் ஆவக்காய் ஜாடியில் ஒட்டிய தாள், அவள் அப்பாவின் மாத்திரை அட்டை, தெருவில் போகிற லாரி எல்லாவற்றையும் சத்தம் போட்டுப் படிக்கிறாள். காது வலிக்கிறது அண்ணய்யா. இன்னும் வலிக்கட்டும் என்றுதான் இருக்கிறது.

புதுப் படத்தில் நடிக்கப் போகிறாயா என்று அவளையே கேட்டேன். அரக்கு மலையில் தசரா வரை ஷூட்டிங், நடிக்கப் போய்விட்டால் போன வருஷம் மாதிரியே பள்ளியில் பெயரை நீக்கிவிடுவார்கள் என்பதையும் சொன்னேன். அதற்கு அவள் சொன்னாள்: "போகலம்மா. செட்டுல கடைசி சீனை முதல்லயே எடுத்துடறாங்க. கதை என்னன்னு கேட்டா, 'நீ அழு பாப்பா, போதும்'ங்கறாங்க. புக்குன்னா பக்கத்தைத் திருப்பி நானே பாத்துக்குவேன்." அந்த டிக்டேஷன் மீன்கள் பிழைத்தனவா என்று பாடத்தை எழுத்துக்கூட்டிப் படித்துத் தெரிந்துகொண்ட பிறகுதான் அன்றைக்குச் சாப்பிட்டாள். மழை வந்து பிழைத்துவிட்டன.

அவள் அப்பாவுக்கும் சம்மதம். ஸ்லேட்டு வாங்கிக்கொண்டு வந்து வைத்திருக்கிறார்.

ஆனால் அவளை நடிக்க அனுப்புவதாக வாக்குக் கொடுத்தவன் நீ. தயாரிப்பாளர் வெள்ளிக்கிழமை தாம்பூலத்தோடு உன் வீட்டுக்குத்தான் வருகிறார். நான் வேண்டாமென்றால், பெண்பிள்ளை பேச்சு என்று சிரிப்பார். நீ சொன்னால் கேட்பார்.

உன்னை எனக்குத் தெரியும். கோதாவரிக் கரையில் நடந்தால் "லாஸ்யா மாமா போறாரு" என்று காதில் விழவேண்டும் உனக்கு. டீக்கடையில் நாற்காலி போடுகிறார்கள். அது நின்றுபோகும். அதை விட்டுக்கொடு என்று உன்னைக் கேட்க எனக்கே சங்கடமாகத்தான் இருக்கிறது.

அண்ணியைக் கேட்டதாகச் சொல். நீ நன்றாக இருக்கவேண்டும், நூறு வருஷம் இருக்கவேண்டும். கொஞ்ச காலத்துக்கு வெறும் சூர்யமாக இரு, அண்ணய்யா.

அன்புத் தங்கை
துர்கா