சொந்தமில்லை என்று சொன்ன வாய்

கட்டைபறிச்சான்
சித்திரை மாதம், 1942

என் அருமை மகள் பாக்கியரத்தினத்துக்கு அப்பா எழுதுவது. கோணேசர் புண்ணியத்தில் நானும் அம்மாவும் உயிரோடு இருக்கிறோம், கண்டியில் நீ ஒரு குறையும் இல்லாமல் பள்ளிக்கூடத்தில் படிப்பித்துக்கொண்டு இருக்க வேண்டும் என்பதே எங்கள் மன்றாட்டம். சுகம் என்று எழுதத்தான் கை வரவில்லை பிள்ளை. யப்பான்காரன் எங்கள் துறைமுகத்தில் குண்டு போட்ட செய்தி அங்கேயும் வந்திருக்கும். எங்கள் வீட்டுக் கூரை போய்விட்டது, குசினிச் சுவர் மட்டும் நிற்கிறது. ஊரே வெளிக்கிட்டபோது நாங்களும் வள்ளமேறிக் குடாவைக் கடந்து, இங்கே அம்மாவின் ஒன்றுவிட்ட தங்கச்சி வீட்டில் ஒதுங்கியிருக்கிறோம். நான் இங்கிருந்து வள்ளத்தில் துறைமுக வேலைக்குப் போய் வருகிறேன். வருசப் பிறப்புக்குப் பொங்கக்கூட இல்லை. அதெல்லாம் போகட்டும். இதைக் கொண்டுவந்த லொறிக்காரத் தாஹிர் உன் வாசலில் நிற்கிறான், நீ வாசித்து முடியும்வரை நிற்கச் சொல்லியிருக்கிறேன். கோபத்தில் பாதியில் கிழித்துப் போடாதே.

குலசிங்கம் சித்தப்பாவுக்குக் குண்டு பட்டுவிட்டது. துறைமுகப் பட்டறையில் என் பக்கத்தில் நிற்கிறவன், நான் தண்ணீர் குடிக்கப் போன நேரம் பார்த்துக் குண்டு விழுந்தது. நெஞ்சும் கையும் எரிந்துபோயின. காயக்காரரைக் கண்டிக்கு ஏற்ற லொறி வந்தது, நான்தான் அவனைத் தூக்கி வைத்தேன். கூட ஏறப்போனபோது அங்கே நின்ற அதிகாரி, உன் சொந்தக்காரனா, சொந்தம் என்றால் ஏறு என்றான். பன்னிரண்டு வருசமாக ஊருக்குச் சொல்லிச் சொல்லிப் பழகின வாய், இல்லை ஐயா, எங்கட வீட்டில வாடகைக்கு இருக்கிற ஆள் எண்டு சொல்லிவிட்டது. நான் யோசிக்கவே இல்லை பிள்ளை, தானாக வந்துவிட்டது. அவன் கண் திறந்திருந்தது. கேட்டிருப்பான். லொறி போய்விட்டது. பிறகு கண்டிக்குப் போகப் பாஸ் கேட்டு அதே அதிகாரியிடம் போனேன், சொந்தமில்லாத ஆளுக்காகத் துறைமுக வேலையை விட்டுப் போக ஏலாது என்று திருப்பிவிட்டான். அம்மா தானே போய்க் கேட்டாள், அவர் உனக்கு என்ன முறை எண்டு கேக்கினம், நான் என்னத்தைச் சொல்ல எண்டு அழுதுகொண்டு வந்தாள். அன்றைக்குப் படுத்தவள்தான். சோறு போடச் சொன்னால் மூன்று கோப்பை எடுத்து வைத்துவிட்டு அதைப் பார்த்துக்கொண்டே இருக்கிறாள். எனக்குப் பயமாக இருக்கிறது, இரண்டு பேரையும் ஒரே மாதத்தில் இழந்துவிடுவேனோ என்று.

போன தை மாதம் நீ எழுதினது எனக்கு மனப்பாடம். ஒரு பெண்ணுக்கு இரண்டு ஆம்பிளையா, இதுவும் ஒரு குடும்பமா, அந்த மனிசன் வெளியேறுமட்டும் வரமாட்டேன் என்று எழுதினாய். உனக்கு அருவருப்பு வந்ததில் நான் பிழை காணவில்லை. ஆனால் அப்பாவை ஏமாற்றுகிறார்கள் என்று நினைத்தாயே, அதுதான் பிழை. இந்தத் தாஹிருக்கு நபீஸா, ஸல்ஹா என்று இரண்டு மனைவிமார், நிக்காஹ் முடித்து இரண்டு வீட்டையும் முறை வைத்துச் சமமாகப் பார்க்கிறான், அது அவர்கள் மார்க்கம், மறைக்கிறதற்கு ஒன்றுமில்லை. நீ இருக்கிற மலைநாட்டில் அண்ணன் தம்பிமார் ஒரே பெண்ணைக் கட்டி ஒரே வீட்டில் இருந்த வழக்கம் உண்டு, அங்கே பழைய ஆட்களைக் கேட்டுப்பார். உன் பெரிய மாமா திரியாயில் ஒருத்தியை ஒளித்து வைத்திருக்கிறார், மாமியைத் தவிர எல்லாருக்கும் தெரியும், கலியாண வீட்டில் அவருக்குத்தான் முன் கதிரை. எங்களுடையது இது ஒன்றோடும் சேராது. சட்டமும் இல்லை, மார்க்கமும் இல்லை. ஆனால் மூன்று பேருக்கும் நடுவில் பொய் இல்லை. அவன்மேல் மனம் போனதை அம்மா அவனுக்குச் சொல்ல முன்னம் எனக்குச் சொன்னாள், உங்களையும் விட ஏலாது, உங்களுக்கு ஒளிக்கவும் ஏலாது எண்டாள். எனக்கு வயிறு எரியவில்லை என்று சொல்லமாட்டேன், முதல் வருசம் எத்தனையோ நாள் சாப்பாட்டைத் தள்ளிவிட்டுக் கடற்கரையில் போய் இருந்தேன். அதைப் பார்த்து அவன் பெட்டியைக் கட்டினான். படலைவரை போய் மறித்தவன் நான். அவன் இல்லாத வீட்டில் எனக்கும் இருப்புக்கொள்ளாது என்று அந்த நேரம்தான் விளங்கியது. அவன் எனக்கு யார் என்று கேட்டால் தம்பி என்றாலும் போதாது, சிநேகிதன் என்றாலும் போதாது. அதற்கு ஒரு முறைப்பெயர் இருந்திருந்தால் அந்த லொறியடியில் என் வாயில் வந்திருக்கும்.

தாஹிர் போன முறை வந்தபோது அவனைக் கண்டி ஆஸ்பத்திரியில் கண்டுவிட்டு வந்தான். சுவரைப் பார்த்துக்கொண்டு கிடக்கிறாராம், கஞ்சியும் வேண்டாமாம், மருந்தும் வேண்டாமாம், தேடி ஒருத்தரும் வரேல்லையாம். செத்தால் நாதியில்லாதவன் என்று எடுத்துப் புதைத்துவிடுவார்கள், கொள்ளி வைக்கவும் ஆள் இராது. பிள்ளை, உன் காலில் விழுந்து கேட்பதுபோல் நினைத்துக்கொள், தாஹிரோடு இப்பவே போ. உனக்கு மலேரியாக் காய்ச்சல் வந்த வருசம் நீ கசப்பு என்று கொயினா மருந்தைத் துப்பத் துப்ப, தான் முதலில் ஒரு மிடறு குடித்து, முகம் சுளிக்காமல், இனிக்குது மகள் எண்டு சொல்லிப் பருக்கினவன் அவன். அவனை நீ மன்னிக்க வேண்டாம், எங்களையும் ஏற்றுக்கொள்ள வேண்டாம், பிறகு எவ்வளவும் கோபி. போய்ப் பக்கத்தில் இரு, அவ்வளவுதான்.

அம்மன் உன்னைக் காக்கட்டும், நீ தீர்க்காயுசாய் இருக்க வேண்டும், அம்மா படுத்த படுக்கையிலிருந்து உனக்கு ஆசி சொல்கிறாள். மறக்காதே, கஞ்சியை நீ முதலில் ஒரு மிடறு குடித்துவிட்டுக் கொடு, அவனுக்கு விளங்கும். ஆஸ்பத்திரி வாசலில் உன்னையும் என்ன முறை என்று கேட்பார்கள். நான் சொல்லாமல் விட்டேன், அம்மாவுக்குச் சொல்ல ஏலவில்லை. நீ மகள் என்று சொல். பொய் சொல்லாதே என்று உன்னை வளர்த்தவன் நான், இது பொய் இல்லை.

இப்படிக்கு,
உன் இரண்டு அப்பாமாரில் ஒருவன்,
சோமசேகரம்