சின்னவளின் சுண்டுவிரல்

அன்புள்ள பெரியவளுக்கு,

அம்மா எழுதுகிறேன். இங்கே மூவரும் சௌக்கியம், அப்பாவுக்கு முட்டிவலி குறைந்திருக்கிறது. நீயும் வேளைக்குச் சாப்பிட்டு நன்றாக இருப்பாய் என்று நம்புகிறேன், நீ போனில் சொல்வதை வைத்து அல்ல. போனில் பேச்சை மாற்றிவிடுவாய் என்றுதான் இந்த மின்னஞ்சல். பெரிய ஆர்கெஸ்ட்ராவோடு தனியாக வாசிக்க மூன்று பிள்ளைகளைத் தேர்ந்தெடுத்ததில் உன் தங்கையும் ஒருத்தி என்று சொன்னேன் இல்லையா, அன்றிலிருந்து அவளைக் கண்கொத்திப் பாம்பாகக் கவனிக்கிறேன். வயலினை எடுத்தாலே கதவுக்குத் தாழ், வாசிப்பு நின்றால் குசுகுசுவென்று போன், நான் தட்டினால் கப்சிப். யாரடி என்றால் கூடப் படிக்கிறவளாம். யாரோ பையன் என்றே முடிவுகட்டி அப்பாவிடம் புலம்பினேன். அவர் பேப்பரை இறக்காமலே, உனக்குத் துப்பறியும் வேலை கிடைத்திருந்தால் நாம் எங்கேயோ போயிருப்போம் என்றார்.

நேற்று ஒத்திகைக்குப் போய்க் கடைசி வரிசையில் உட்கார்ந்தேன். நடுவில் ஓர் உச்ச ஸ்வரம், எட்டிப் பிடிக்கச் சுண்டுவிரல் வேண்டும். இவளோ அதை மடக்கிக்கொண்டு மோதிரவிரலை மேலே இழுக்கிறாள், அதற்குள் அறுபது பேரும் அவளைத் தாண்டிப் போய்விடுகிறார்கள். மூன்று தடவை நிறுத்திவிட்டார் குழுவை நடத்துகிறவர். வியாழக்கிழமைக்குள் சரியாகாவிட்டால் அவள் பெயரை எடுத்துவிடுவார்களாம். பக்கத்தில் இருந்த அவளுடைய வயலின் டீச்சர் என் பக்கம் திரும்பி, நான் இப்படிச் சொல்லித்தரவில்லை, எத்தனை தடவை திருத்தினாலும் கேட்கவும் மாட்டேன் என்கிறாள், வேறு யாரிடம் அனுப்புகிறீர்கள் என்று என்னையே சந்தேகப்பட்டார். விரல் அப்படி மடங்குவதை நான் முன்பே பார்த்திருக்கிறேன். எட்டு வயதில் அறைக்கதவில் சுண்டுவிரல் நசுங்கியவள் ஒருத்திதான் அப்படி வாசித்தாள். இந்த வீட்டில் இனி வயலின் பேச்சே கூடாது என்று சொல்லிவிட்டுப் போனவள், வாரத்துக்கு எத்தனை நாள் தங்கைக்குச் சொல்லித்தருகிறாய்? நீ வாயால் சொன்னதை விட்டுவிட்டு, போன் வீடியோவில் தெரிந்த உன் கையை அப்படியே காப்பி அடித்திருக்கிறாள்.

என்னிடம் மறைத்தீர்களே என்று நேற்று ராத்திரி முழுக்க அதையே மென்றுகொண்டிருந்தேன். பிறகுதான், மறைக்கிற வித்தையை யாரிடம் கற்றீர்கள் என்று தோன்றியது. காற்றில் சாத்திக்கொண்டது என்று இத்தனை வருடம் சொல்லிவந்தேனே, அந்தக் கதவைப் பார்க்காமல் சாத்தியது நான். காற்றே இல்லாத நாள் அது. உனக்கும் தெரிந்திருக்கும், ஒரு தடவைகூடக் கேட்டதில்லை நீ.

இன்றைக்கே அவளைக் கூப்பிடு. உன் விரலுக்கு ஒன்றும் இல்லையடி, நீட்டி வாசி என்று சொல். நீ சொன்னால்தான் கேட்பாள். தாழ் போட்டபடியே இருக்கட்டும், நான் தட்டமாட்டேன்.

எங்கே இருந்தாலும் மனம் குளிர்ந்து நன்றாக இரு. பல் டாக்டரைத் தள்ளிப்போடாதே. வியாழக்கிழமை, ஞாபகம் வைத்துக்கொள்.

கதவைச் சாத்திய
உன் அம்மா