முகம் வரையாத பக்கம்

மார்ச் 4

அன்புள்ள உங்களுக்கு,

நலமா? பிரிஞ்சு பதினெட்டு வருஷத்துல எழுதற முதல் கடிதம், அதுவும் காரியமா. கோவிச்சுக்காதீங்க. நம்ம பொண்ணு முழுகாம இருக்கா, சொல்லியிருப்பா. அவ சின்னவளா இருந்தப்போ நாம கம்ப்யூட்டர்ல வரைஞ்ச படக்கதையைப் பிறக்கப்போற குழந்தைக்காகப் புத்தகமாப் போடணுமாம். ஃபைல் எல்லாம் பத்திரமா இருக்கு, திறக்கத்தான் மாட்டேங்குது. அந்த சாஃப்ட்வேரையே நிறுத்திட்டாங்களாம், கம்ப்யூட்டர் கடைக்காரர் சிரிக்கிறார். பழைய சிடி உங்ககிட்ட இருக்குமே? பஸ் டிக்கெட்டைக்கூடத் தூக்கிப் போடாத மனுஷர் நீங்க.

போன்ல பேசினா சண்டையில முடியும். அதான் கடிதம்.

இப்படிக்கு,
உங்க பொண்ணோட அம்மா

மார்ச் 15

அன்புள்ள வாயாடிக்கு,

சிடி கிடைச்சுது. இப்போ வர்ற கம்ப்யூட்டர்ல அதைப் போட வாயே இல்லை. பென்டிரைவ்ல ஏத்தி அனுப்பறேன். நேராப் போட்டா ஓடாது. புதுசுக்குள்ள ஒரு பழைய கம்ப்யூட்டர் இருக்கற மாதிரி ஏமாத்தணும். வழி தனித்தாள்ல இருக்கு. சிடி உறை மேல நீ எழுதி வெச்ச நம்பரைக் கேட்கும், அதையும் குறிச்சிருக்கேன். உறையை நானே வெச்சுக்கறேன்.

நாலு நாள் மல்லுக்கட்டினேன். அஞ்சாம் நாள் அந்த சாஃப்ட்வேரோட சாம்பல் திரை வந்ததும், உன்கிட்ட காட்டணும்னு பக்கத்து நாற்காலியைத் திரும்பிப் பார்த்துட்டேன்.

நேர்ல வந்து போட்டுத் தரட்டுமா?

உன்,
பழைய ஆள்

மார்ச் 29

அன்புள்ள உங்களுக்கு,

திறந்துடுச்சு! ஒரு நிறம்கூட மாறலை. நீங்க வர வேண்டாம். வந்தா, திரும்பிப் போங்கன்னு சொல்ல எனக்குத் தெம்பில்லை.

இருபத்து மூணாம் பக்கம் மட்டும் பாதியில நிக்குது. மழையில அப்பா பொண்ணைத் தோள்ல தூக்கிட்டுப் போறார், அவருக்கு முகமில்லை. அதுக்குள்ள நீங்க வேற வீடு பார்த்துட்டுப் போயிட்டீங்க. எனக்கு அந்த முகம் வரைய வரலை. ஃபைலை இதோட வர்ற பென்டிரைவ்ல வெச்சிருக்கேன். நீங்களே முடிச்சுக் கொடுங்க.

இப்படிக்கு,
பொண்ணோட அம்மா

ஏப்ரல் 11

அன்புள்ள வாயாடிக்கு,

என் முகத்தை ரெண்டு தடவை வரைஞ்சேன், ரெண்டு தடவையும் அழிச்சேன். அந்த வயசுலேர்ந்து அவளைச் சுமந்தது நானில்லையே. அதனால அப்பாவை எடுத்துட்டு உன்னை வரைஞ்சிருக்கேன். மௌஸ் பழக்கம் விட்டுப்போச்சு, மூக்கு கொஞ்சம் கோணல். மன்னிப்புன்னு எழுதி எழுதிக் கிழிச்சேன். படம் வரையத்தான் முடிஞ்சுது.

உன்,
பழைய ஆள்

ஜூன் 2

அன்புள்ள உங்களுக்கு,

பேத்தி பிறந்திருக்கா. ரெண்டு பேரும் சுகம். புத்தகமும் அச்சாகி வந்துடுச்சு. மூக்கை நான் மாத்தலை.

பொண்ணு அந்தப் பக்கத்தைப் பார்த்தா. அப்புறம், "அப்பாவுக்கு ஒண்ணு அனுப்பிட்டியாம்மா?"ன்னு கேட்டா.

இல்லைன்னேன். உங்க பிரதி மேசை மேலேயே இருக்கு. தபால்ல போட மாட்டேன். வந்து வாங்கிக்கோங்க.

இப்படிக்கு,
நான்