செதில் ஒட்டின வெள்ளைச் சேட்டு

இஞ்சேருங்கோ,

நான் ஆசுப்பத்திரிக்குப் போறன். இனிப் பிள்ளை தங்காமல் குழாய் கட்டுற ஒப்பரேஷனுக்கு நானே பேர் குடுத்திட்டன். நாளைக்குத்தான் விடுவினம். வீட்டுத் திறப்பு வாசல் மாதா படத்துக்குப் பின்னால இருக்கு. பாரைமீன் குழம்பு குசினியில மூடிக் கிடக்கு, சின்னவனுக்கு முள் பார்த்துக் குடுங்கோ.

மூண்டு பிள்ளையும் என்ரை வயித்தை வெட்டி எடுத்தது. இன்னொண்டு தாங்காதெண்டு டொக்டர் சொல்லேக்க, "அவளை இனி வெட்ட வேண்டாம், அந்த ஒப்பரேஷனை நான் செய்யிறன்" எண்டு மிட்வைஃப் அக்காவுக்கு முன்னால சொன்னது ஆர்? ஆம்பிளையளுக்குச் சின்ன வேலை, அண்டைக்கே வீட்டை வரலாமெண்டு அவா விளங்கப்படுத்தினவா. திங்கட்கிழமை வெள்ளைச் சேட்டும் போட்டுக்கொண்டு ஆசுப்பத்திரிக்கெண்டு வெளிக்கிட்டியள். பின்னேரம் வந்து, "எல்லாம் முடிஞ்சுது" எண்டு படுத்தியள். நான் கோழி அடிச்சு சூப் வைச்சுத் தந்தன்.

சேட்டைத் தோய்க்க எடுத்தால் கையெல்லாம் மீன் செதில்! போய் நிண்டது கடற்கரையில, கரைவலை வாடியில. கேட்டால், "வலை இழுக்கப் பெலன் இல்லாமல் போயிடுமெண்டு வாடியில யோசெப்பண்ணை சொன்னவர்" எண்டுறியள். அவர் எந்த ஆசுப்பத்திரியில டொக்டர்? பயந்து திரும்பி வந்திருந்தாலும் பேசாமல் விட்டிருப்பன். அந்தச் சூப்பை என்னெண்டு குடிச்சியள்?

பிரேமினி

மறந்துபோனன்: நான் கொஞ்ச நாளைக்குப் பாரம் தூக்கக் கூடாதாம். தண்ணிக் குடம் உங்கடை பாடு. பெலன் பத்திரமாத்தானே கிடக்கு.

இன்னொண்டு. அந்தச் சேட்டை நான் தோய்க்கேல்லை, கதவுக்குப் பின்னால கொழுவியிருக்கு. நாளைக்கு என்னைக் கூட்ட வரேக்க அதையே போட்டுக்கொண்டு வாங்கோ. மிட்வைஃப் அக்காவும் நிப்பா.