அங்கன்வாடி நிற்கும் மூலை

கராச்சர்மா, அந்தமான்
14.8.2011

அன்பு மகள் விஜிக்கு அப்பா எழுதுவது. நானும் அம்மாவும் நல்ல சுகம், நீயும் மாப்பிள்ளையும் பேத்தி பானுவும் திருப்பூரில் நோய்நொடி இல்லாமல் இருக்க மாரியம்மன் துணையிருக்கட்டும். மழை விட்டபாடில்லை, கப்பல் இரண்டு முறை தள்ளிப்போய்விட்டது, உனக்குக் கட்டிவைத்த கருவாடு இன்னும் இங்கேதான் நாறிக்கொண்டிருக்கிறது, கோபிக்காதே.

நம் இடத்து வழக்கு முடிந்துவிட்டது விஜி, இடம் நமக்கே. சுனாமி முடிந்த கையோடு நிக்கோபாரில் வீடிழந்து வந்த காம்பெல்பே ஜனங்களுக்குத் தகரக் கொட்டகை போட இடம் கேட்டார்கள், நாமும் ஒரு துண்டுக் காகிதம்கூட வாங்காமல் போட்டுக்கொள்ளுங்கள் என்றோம், அந்த நேரத்தில் யாருக்கு அதெல்லாம் தோன்றும். அவர்கள் ஊர் திரும்பிய பிறகு, மெயின்லேண்டிலிருந்து புதிதாக வந்த அதிகாரி சர்க்கார் கொட்டகை நின்றால் சர்க்கார் இடம்தான் என்று போர்டு நட்டுவிட்டார். அன்றிலிருந்து நான் ஆபீஸ் ஆபீஸாக அலைந்ததுதான் மிச்சம். இப்போதைய தாசில்தார் மேடம் மகராசி, வாய்தா கொடுத்து இழுக்காமல் இரண்டு தரப்பையும் இடத்துக்கே வரச்சொன்னார். முதல் கொட்டகையில் இருந்த சர்தார்ஜி பல்பீர் சிங் சாட்சி சொல்லக் கப்பலேறி, வழியெல்லாம் வாந்தி எடுத்துக்கொண்டே வந்து சேர்ந்தார். சர்க்கார் கொடுத்தது தகரம், தரை கொடுத்தது இந்தக் குடும்பம் என்று ஹிந்தியில் அவர் முழங்கியபோது எனக்குக் கண் கலங்கிவிட்டது. என்ன மனுஷன்! மேடம் அங்கேயே போர்டைப் பிடுங்கச் சொல்லி, மூலைக் கொட்டகையில் இப்போது நடக்கும் அங்கன்வாடியையும் ஒரு மாதத்தில் காலி செய்ய உத்தரவிட்டார். அப்போதுதான் அம்மா முன்னால் போய், கொட்டகைக்காரர்களிடம் கற்ற அந்த ஓட்டை ஹிந்தியில், ஜமீன் பீ ஹமாரா, பச்சா லோக் பீ ஹமாரா என்றாள். நிலமும் நம்முடையது, பிள்ளைகளும் நம் பிள்ளைகள், அங்கன்வாடி இருக்கட்டும், எழுதிக் கொடுத்துவிடுகிறோம் என்றாள். எதிர்த்தரப்பு அதிகாரியே கை கூப்பிவிட்டார். இத்தனை வருஷம் குடித்தனம் நடத்தியும் இவள் இப்படிப்பட்டவள் என்று எனக்குத் தெரியாமல் போயிற்றே என்று நின்றேன்.

பெருமை வீடு வந்து சேரும்வரைதான். அந்த மூலை உன் கல்யாணத்தில் உன் பேருக்கு எழுதியது, நீ வீடு கட்ட ஆசைப்பட்ட இடம். விஜியைக் கேட்காமல் வாக்குக் கொடுத்துவிட்டேனே என்று அம்மா அன்றிலிருந்து சரியாகச் சாப்பிடுவதில்லை. போனில் கேட்கவும் பயப்படுகிறாள், அதனால்தான் நான் எழுதுகிறேன். இதில் கட்டாயம் ஒன்றும் இல்லை, உன் இடம், உன் முடிவு.

மாப்பிள்ளையிடமும் பேசு. பானுவுக்கு எங்கள் முத்தம், மூவரும் நீடூழி வாழ வேண்டும். இருமலுக்குக் கஷாயம் போட்டுக் குடி. சம்மதம் என்றால் இதோடு வைத்திருக்கும் காகிதத்தில் கையெழுத்துப் போட்டு அனுப்பு. மனமில்லை என்றால் மேடத்திடம் நானே போய் வாக்கைத் திரும்ப வாங்கிவிடுவேன், ஆனால் அம்மாவிடம் மட்டும் நீயே சொல்லிவிடு, அவள் முகத்தைப் பார்த்துச் சொல்ல என்னால் ஆகாது.

உன் அப்பா,
மு. பழனிசாமி