என் கை உப்பு

ஜோகன்னஸ்பர்க்கில் இருக்கும் என் வீட்டுக்காரருக்கு,

மக்காச்சோளம் நன்றாக விளைந்திருக்கிறது. கூரைக்குப் புதுப் புல் வேய்ந்துவிட்டேன். "எனிஃபா சொல்றது நெசமா?" என்று ஒரே வரி எழுதியிருந்தீர்கள். அதற்கும் பதில் சொல்கிறேன்.

உங்கள் தங்கை எனிஃபா, அன்று என் அடுப்படியில் எல்லார் முன்னாலும் கேட்டாள்: "என்ன அண்ணி, அஞ்சு மாசமா உப்ப நீங்களே போடுறீங்க? அண்ணன் புள்ளையத் தபால்ல அனுப்பிட்டாரா?" எல்லாரும் சிரித்தார்கள். நானும் சிரித்து வைத்தேன்.

அவளைக் குறை சொல்ல மாட்டேன். விலக்கான நாட்களில் நான் உப்புப் போட்டால் சாப்பிடுகிற புருஷனின் நெஞ்சு கெட்டுவிடும் என்று, பக்கத்து வீட்டுச் சிறுமியைக் கூப்பிட்டுத்தானே போடச் சொல்வேன்? சாப்பிட நீங்கள் இல்லாத இந்த ஆறு வருடமும் அதை நான் விடவில்லை. கூப்பிடுவது நின்றதும், எனக்கு விலக்கு நின்றது ஊருக்கே தெரிந்துவிட்டது.

கிளினிக்கில் நர்ஸ் பரிசோதித்தார். "பயப்படாதீங்கம்மா, வயித்துல ஒண்ணுமில்ல. வயசாச்சு, நின்னுபோச்சு, அவ்வளவுதான்" என்றார். நல்ல செய்தி போலத்தான் சொன்னார். வெளியே வந்து மாமரத்தடியில் வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன்.

"இன்னும் ஒரே வருசம், வந்ததும் புள்ள பெத்துக்கலாம்" என்று ஒவ்வொரு கடிதத்திலும் எழுதினீர்கள். நான் காத்திருந்தேன். என் உடம்பு காத்திருக்கவில்லை.

நீங்கள் கிளம்பி வாருங்கள். எந்த நாள் வந்தாலும் பூசணிக்கீரையில் என் கை உப்புதான் இருக்கும். இனி யாரையும் கூப்பிட வேண்டியதில்லை.

இன்னமும்,
உங்கள் மனைவி