பக்கத்து வீட்டுச் சுவரும் உன் கையெழுத்தும்

அன்பு மகனுக்கு அம்மா எழுதுவது. இங்கே நானும் உன் அக்கா வீட்டாரும் நலம், முழங்கால் வலி மட்டும் என்னைப் பிரிய மனமில்லாமல் கூடவே இருக்கிறது. அங்கே நீயும் மருமகளும் என் சிட்டுவும் நோய்நொடி இல்லாமல் இருந்தால் அதுவே எனக்குப் போதும். சிட்டு நீச்சலில் முதலாவதாக வந்து கழுத்தில் பதக்கத்தோடு நிற்கிற படத்தை அக்கா பெரிதாக அச்சடித்துக் கொடுத்தாள், பையிலேயே வைத்திருக்கிறேன். கோர்ட்டில் பேர் கூப்பிடுகிற டவாலிக்குக் காட்டினேன், நம் வக்கீலுக்குக் காட்டினேன், அந்த வேகத்தில் எதிர்க்கட்சி வக்கீலுக்கும் காட்டிவிட்டேன். பேத்தி அப்படியே உங்க ஜாடைம்மா என்றார். நல்ல மனுஷன்தான், பாவம், எதிர்ப்பக்கம் மாட்டிக்கொண்டார்.

போனில் சுவர் பேச்சை எடுத்ததுமே நீ கோபப்பட்டு வைத்துவிட்டாய், அதனால்தான் உட்கார்ந்து எழுதுகிறேன், முழுதும் படி. கோர்ட் அனுப்பின கமிஷனர் சர்வேயரோடு வந்து அளந்துவிட்டார். பக்கத்து வீட்டுத் தையல்காரம்மா எழுப்பின சுவர் தெருப்பக்கம் சரியாகத்தான் தொடங்குகிறது, பின்னால் போகப் போக நம் இடத்துக்குள் ஒரு சாண் சாய்ந்து வந்திருக்கிறது. நீ சொன்னது சரி, இடம் நம்முடையதுதான். ஆனால் எப்படி வந்தது என்று கேள். கொத்தனாரைக் கூப்பிட்டு விசாரித்தார்கள், அவர் நேரே நம் கொடிக்கம்பத்தைக் காட்டினார், பின்பக்கம் துணி காயப்போட அப்பா நட்டாரே, அதேதான். ஈரத்துணி அவங்க பக்கம் சொட்டக் கூடாது என்று அப்பா அதை எல்லையிலிருந்து ஒரு சாண் உள்ளே தள்ளித்தான் நட்டார். கொத்தனார் அதையே எல்லை என்று நினைத்து அதில் நூலைக் கட்டிவிட்டார். ஏன்யா கேட்டுக் கட்டக் கூடாதா என்றேன். தன் இடத்தை விட்டு உள்ள தள்ளி எவனாச்சும் கம்பம் நடுவானாம்மா, எனக்கு என்ன தெரியும் என்கிறார். எனக்குச் சிரிப்பும் வந்தது, அப்பாவை நினைத்து அழுகையும் வந்தது. திருட வேண்டும் என்று யாரும் கட்டவில்லை கண்ணு.

வழக்கு முடிகிறவரை ஒருத்தரோடு ஒருத்தர் பேசக் கூடாது என்று ரெண்டு வக்கீல்களும் சொல்லியிருக்கிறார்கள். நாங்களும் பேசவில்லை. ஆனால் காலையில் எங்கள் தெருவுக்கு வருகிற வாடகை வண்டி ஒன்றுதான், என்ன செய்வது, வாதியும் பிரதிவாதியும் ஒரே சீட்டில் இடித்துக்கொண்டுதான் கோர்ட்டுக்குப் போகிறோம். போன வாய்தாவுக்குப் போகும்போது அவள் ஜன்னலைப் பார்த்துக்கொண்டே, வண்டிக்காரத் தம்பி, அந்தம்மாவுக்கு முழங்காலு இடிக்குதாம், நான் நகர்ந்துக்கிறேன்னு சொல்லுங்க என்றாள். நான், பரவால்லைன்னு சொல்லுப்பா, அவங்க வீட்டுக்காரருக்கு இப்ப எப்படி இருக்குன்னு கேளு என்றேன். ஒரு கை ஒரு கால் இன்னும் வரலைன்னு சொல்லுங்க, தைக்கிற ரூம்லயேதான் கட்டில், துணி கொடுக்க வர்றவங்களை வாசல்ல நிறுத்திட்டுத்தான் அவருக்கு வேட்டி மாத்துறேன்னு சொல்லுங்க என்றாள். வண்டிக்காரர் திரும்பிப் பார்த்து, நான் ஓட்டவா, இல்ல உங்களுக்குத் தபால்காரனா இருக்கவா என்று அதட்டினார்.

அந்த மனுஷனுக்காகத்தான் இந்தச் சுவரை வைத்துப் படி இல்லாமல் குளியலறையோடு ஒரு அறை கட்டுகிறார்கள். நாம் கோர்ட்டில் வாங்கின தடையால் கூரை போடாமல் கிடக்கிறது, மழை உள்ளே பெய்கிறது. ஜட்ஜ் அம்மா, அடுத்த வாய்தாவுக்குள் ரெண்டு பேரும் விட்டுக்கொடுத்து ராஜியாகிறதானால் ஆகுங்கள், இல்லாவிட்டால் அளந்தபடி உத்தரவு போட்டுவிடுவேன் என்று சொல்லிவிட்டார். உத்தரவு என்றால் சுவரை இடிக்க வேண்டும். ஜெயிச்சாச்சும்மா என்று நம் வக்கீல் கைகுலுக்கினார். எனக்கு வீட்டுக்கு வந்து சோறு இறங்கவில்லை.

இன்றைக்கு ஒரு சாண் விட்டால் நாளைக்கு ஒரு முழம் கேட்பார்கள் என்று நீ சொல்வாய். முதலில் சண்டைக்குப் போனதே நான்தான், எனக்கா தெரியாது. இதற்கு மேல் ஒரு விரல்கூட வரமாட்டோம் என்று கோர்ட்டிலேயே எழுதித் தருகிறார்கள். நான் அஞ்சாவதோடு நின்றவள், ஆனாலும் அந்தப் பேப்பரை எழுத்துக் கூட்டி முழுதும் வாசித்துவிட்டேன், உன்னை ஏமாற விடமாட்டேன். வழக்குக்கு உனக்குப் பதிலாக நான் போனாலும் வீடு உன் பேரில் இருக்கிறது, நீ கையெழுத்துப் போட்டால்தான் ராஜி.

முடியாது என்று நீ சொன்னாலும் நான் உனக்குத்தான் அம்மா. வாய்தாவுக்குப் போவேன், நம் பக்கத்து பெஞ்சில்தான் உட்காருவேன். ஆனால் இடிக்க ஆள் வருகிற அன்றைக்கு அக்கா வீட்டுக்குப் போய்விடுவேன் ராசா, இங்கே இருந்து அந்தச் சத்தத்தைக் கேட்க என்னால் ஆகாது.

நீங்கள் மூன்று பேரும் ஒற்றுமையாக, குறைவில்லாமல் நெடுநாள் வாழ வேண்டும். சிட்டுவை ஈரத்தலையோடு தூங்க விடாதே. சம்மதத் தாளை இதோடு வைத்திருக்கிறேன், அங்கே நம் தூதரக அதிகாரி முன்னால் கையெழுத்துப் போட்டு முத்திரை வாங்க வேண்டுமாம். கோபத்தோடு போடாதே, நீ கோபத்தில் பேனாவை அழுத்துவாய், தாள் கிழிந்துவிடும். ஆறினபிறகு போடு, ஆனால் சீக்கிரம் ஆறு.

உன் நல்ல மனசை நம்பியிருக்கும்
அம்மா